படத்துக்கு நடுவில்

அட்டைப் பெட்டி தம்மாமிலிருந்து வந்தது.
உள்ளே ஒரு டின் பேரீச்சை, மூன்று சோப்பு,
துண்டில் சுற்றிய பீட்டாமேக்ஸ் நாடா.
ஒட்டிய தாளில் மை கசிந்து
படத்தின் பெயரில் பாதி ஊதா.

கேசோன் சிட்டியில் எங்கள் அறைக்கு ஜன்னல் கிடையாது.
ஏசி உண்டு, மின்சாரம் இருக்கும்போது.
இதே படத்தின் பிரிண்ட் எங்களிடமும் இருந்தது, எட்டு டப்பா.
மூடியைத் திறந்தால் காடி நெடி கண்ணைக் கரிக்கும்.
ஆறாவது டப்பாவில் சுருள் மொத்தமும்
இளகிய கருப்பட்டியாய் ஒட்டிக் கிடந்தது.
தியோடுலோ தூக்கிப் பார்த்தார்.
"ஊறுகாய் போட்டாயிற்று" என்றார்.

ஆக, மிஞ்சியது இது.
யாரோ டிவியில் ஓடியதைப் பிடித்து
பாலைவனத்துக்கு அனுப்பி வைத்தது.

பூஞ்சை துடைத்து, உலர்த்தி, ஓடவிட்டேன்.
கணினித் திரையில் நெளிந்து நெளிந்து வந்தாள் கதாநாயகி.
முத்தத்துக்குச் சற்று முன்னால்
அடியில் எழுத்து ஊர்ந்தது:
சமார், லெய்த்தே, மூன்றாம் எண் எச்சரிக்கை,
படகுகள் கடலுக்குப் போக வேண்டாம்.
முத்தம் முடிந்தது.
புயல் ஊர்ந்துகொண்டே இருந்தது.

நாற்பத்தொன்றாம் நிமிடம்
வில்லன் கதவைத் தட்டுகிறான்.
அவள் தாழ்ப்பாளில் கை வைக்கிறாள்.
ஒரு கோடு, ஒரு சீறல்,
திறந்த கதவுக்குப் பின்னால் வேறொரு வீடு.

பிளாஸ்டிக் நாற்காலிகள். சரிந்த கேக்.
ஞானஸ்நான வெள்ளையில் கைக்குழந்தை.
தூக்கத் தெரியாமல் தூக்கிக்கொண்டு
அங்குமிங்கும் நடக்கும் ஓர் ஒல்லி ஆள்
கேமராவிடம் கேட்கிறான்: "ஓடுதா இது?"

பதினோரு நிமிடம் ஓடுகிறது.
மறுபடி கோடு.
வில்லன் ஏற்கெனவே செத்துக் கிடக்கிறான்.
யார் கொன்றது என்று தெரியவில்லை.

தெரிந்தவர் ஒருவர் இருந்தார்.
மக்காரியோ, பஸ் நடத்துனராக இருந்து ஓய்வு பெற்றவர்,
இந்தப் படத்தைப் பதினேழு முறை பார்த்தவர்.
தியேட்டர் வாசலில் மாட்டும் ஸ்டில் அட்டைகள் இருநூற்றுப் பதினாலை
பாலிதீன் உறை போட்டு வைத்திருப்பவர்.
ஒலிவாங்கி முன் நாற்காலி நுனியில் உட்கார்ந்து
வசனத்தோடு சொன்னார்: அவளேதான் சுட்டாள்.
சாப்பாட்டுக்குப் பிறகு,
அண்ணன்காரன் கூரையைப் பிரித்துக்கொண்டு இறங்கினான்.
மூன்றாம் தடவை வெகுநேரம் யோசித்து
"மழை பெய்தது" என்றார்,
"அது மட்டும் சத்தியம்."

அந்தக் காட்சிக்கான ஸ்டிலையும் கொண்டுவந்திருந்தார்.
கதவு இருக்கிறது. அவள் இருக்கிறாள்.
கையில் வைத்திருந்ததை மட்டும்
இராமபாணப் பூச்சி தின்றிருந்தது.

அந்த ஓட்டையையும் ஸ்கேன் செய்தேன்,
ஆயிரத்து இருநூறு புள்ளித் துல்லியத்தில்.

தியோடுலோவின் யோசனை:
ஞானஸ்நானத்தை வெட்டு,
கறுப்புத் திரையில் 'பதினோரு நிமிடம் கிடைக்கவில்லை' என்று போடு,
வலையில் ஏற்று.
கேட்டு எழுதினேன், பெட்டி அனுப்பிய பிலோமினாவுக்கு.
தம்மாம் மருத்துவமனையில் இரவுப் பணிச் செவிலி.

பதில் நாலு வரி.
நாடா அப்பாவின் அறைத்தோழர் பெட்டியில் கிடந்தது.
படம் எனக்குத் தெரியாது.
ஓட்டிப் பார்க்க இங்கே மெஷின் இல்லை.
படத்துக்கு நடுவில் அப்பா இருக்கிறார் என்று
அம்மா சொல்லியிருக்கிறாள்.

எங்கள் படிவத்தில் கட்டங்கள் பல:
தலைப்பு, ஆண்டு, இயக்குநர், நீளம், சேதம்.
'சேதம்' என்ற கட்டத்தில்
00:41:06 முதல் 00:52:09 வரை என்று
போன வாரமே நிரப்பியிருந்தேன்.
அழித்தேன்.

நடிகர்கள் வரிசையில்
நாயகன், நாயகி, வில்லன், தோழி,
பெயர் தெரியாத இரண்டு போலீஸ்காரர்கள்.
அவர்களுக்கும் கீழே தட்டினேன்:
ரொமுவால்டோ டாகுய்குய், தந்தையாக.

தியோடுலோ கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் படித்தார்.
ஒன்றும் சொல்லவில்லை.
குடும்பப் பெயரில் இருந்த எழுத்துப்பிழையைத் திருத்தினார்.

புயலும் முத்தமும் கேக்குமாய்
முழுசாக ஏறிக்கொண்டிருந்தபோது
மக்காரியோ போன் செய்தார்.
நாலாவது விதமாக ஞாபகம் வருகிறதாம்.
நாளைக் காலை வரச் சொல்லியிருக்கிறேன்.